ஆறாவது எழுத்து

ஜூலை 8, செவ்வாய்

காலையிலிருந்து காற்று. ஆடி பிறக்க இன்னும் ஒன்பது நாள். அதற்குள் கொடியில் காயப்போட்ட என் துப்பட்டா பக்கத்து வீட்டு முருங்கையில்.

செய்ய வேண்டியவை: இயற்பியல் ரெக்கார்டில் இரண்டு படம். உயிரியல் தேர்வுக்கு எலும்பு மண்டலம். ரேவதியின் காம்பஸைத் திருப்பிக் கொடுக்க. முட்டி வலியை யாரிடமும் சொல்லாமலிருக்க.

கடைசியாக எழுதியதை அடித்துவிடலாமா என்று பார்த்தேன். இருக்கட்டும். இது போன வருஷத்து வேதியியல் நோட்டின் பின்பக்கம். இதை யார் திறக்கப்போகிறார்கள்.

வலி மூன்று வாரமாக. பள்ளி மாடியில் முப்பத்திரண்டு படி. ஏறும்போது பரவாயில்லை. இறங்கும்போது முட்டிக்குள் ஆணி. சில நேரம் தொடை இடுக்கிலும். பை கனம் என்று நடித்துக் கைப்பிடியைப் பிடித்துக்கொள்கிறேன்.

ஏன் சொல்லவில்லை என்றால், ஆறு வயதிலிருந்து பதிமூன்று வரை எனக்குச் சிறுநீரக நோய். விட்டு விட்டு வரும். முகம் பன் மாதிரி வீங்கும். மாத்திரை, மாத்திரை, மாத்திரை. அந்த ஏழு வருஷமும் அம்மா ஆஸ்பத்திரி பெஞ்சில். இனி வர வேண்டாம் என்று டாக்டர் சொன்ன அன்று வீட்டுக்கு வந்து படுத்தவள் மறுநாள் சாயங்காலம்தான் எழுந்தாள். அந்தத் தூக்கத்தை நான் கலைக்க மாட்டேன்.

அக்கா இன்று போனில் அவளுடைய டீம் லீடரோடு சண்டை. திரைச்சீலைக்கு இந்தப் பக்கம் எல்லாம் கேட்டது.

“தொடை எலும்பு செத்துப்போச்சுன்னு டாக்டர் எழுதியிருக்காரு. வலதா இடதான்னு எழுதலண்ணே. நான் எப்புடி ரெண்டு போட? ஒன்பதுதான் வரும்.”

தொடை எலும்பு செத்துப்போச்சு. சோறு பிசைந்த கை அப்படியே நின்றுவிட்டது.

ஜூலை 9, புதன்

உயிரியல் தேர்வு சுமார். கை எலும்பில் ஒன்றை விட்டுவிட்டேன்.

அக்காவின் வேலை இது: அமெரிக்காவில் ஒருவர் ஆஸ்பத்திரிக்குப் போனால் டாக்டர் எழுதியதை இங்கே ஒருவர் படித்து, நோய்க்கு ஓர் எண் போட வேண்டும். அதைப் பசுமலையில் எங்கள் வீட்டு நடு அறையில் அக்கா போடுகிறாள். அவள் கம்ப்யூட்டரை யாரும் பார்க்கக் கூடாது, கம்பெனி சட்டம். அப்பாகூடத் திரைச்சீலைக்கு வெளியே நின்று இருமிவிட்டுத்தான் உள்ளே போவார். ஆனால் அவள் பயிற்சிக்குப் போனபோது வாங்கிய பழைய புத்தகம் பீரோ மேல் இருக்கிறது. தலையணை கனம். உலகத்தில் உள்ள எல்லா நோயும் அதில்.

அவள் குளிக்கப் போன நேரத்தில் எடுத்தேன். மாடு முட்டினால் அதற்கு ஓர் எண். W55.22. கிளி கடித்தாலும் இருக்கிறது. அமெரிக்காவில் யாரை மாடு முட்டுகிறது? அலங்காநல்லூருக்காகவே போட்டதுபோல இருக்கிறது. கொஞ்சம் சிரித்தேன். பிறகு M87.

எலும்பு சாகும் என்று எனக்குத் தெரியாது. எல்லாம் போன பிறகு மிச்சம் இருப்பதுதான் எலும்பு என்று நினைத்திருந்தேன். செத்துப்போகிறது என்றால் இத்தனை நாள் உயிரோடு இருந்திருக்கிறது. என் தொடைக்குள், இருட்டில், ரத்தம் குடித்துக்கொண்டு, நான் தூங்கும்போதும் விழித்துக்கொண்டு. நான் ஒருநாள்கூட அதை நினைத்ததில்லை.

M87.0 காரணம் தெரியாமல் சாவது. M87.1 மருந்தால் சாவது. பிறகு 5, தொடை எலும்பு. பிறகு ஆறாவதாக ஓர் எழுத்து: வலது 1, இடது 2, தெரியாவிட்டால் 9.

மருந்தால் என்ற வரியில் விரல் நின்றது. அக்கா போனில் தேடினேன். எந்த மருந்து என்று முதலில் வந்த பெயர் எனக்குத் தெரிந்த பெயர். ஏழு வருஷம் நாக்கில் கசந்த பெயர். அதன் கீழே: இடுப்பில் நோய் இருந்தாலும் வலி முட்டியில் தெரியலாம்.

தேடியதை அழித்துவிட்டுப் போனை இருந்த இடத்தில் வைத்தேன். பயம்தான். ஆனால் பயம் மட்டும் இல்லை. என்னை ஒரு தடவைகூடப் பார்க்காத யாரோ, என் உடம்பில் வலிக்கிற இந்த ஒரு சாண் இடத்துக்கு முன்கூட்டியே கதவு எண் போட்டு வைத்திருக்கிறார்கள். அதை நினைத்தால் முதுகு சிலிர்க்கிறது.

ஜூலை 11, வெள்ளி

அப்பா விடியற்காலையே குட்டியானை வண்டியை எடுத்துக்கொண்டு சோழவந்தான். வெற்றிலைக் கட்டு. வீடு முழுக்க ஈரச் சாக்கு வாசனை.

டிரில். பி.டி. மிஸ் ‘லெஃப்ட் டர்ன்’ என்றார். எல்லோரும் ஒரு பக்கம், நான் மறுபக்கம். ரேவதியும் நானும் மூக்கோடு மூக்கு.

“உனக்கு மட்டும் தனி திசையா? மதுரைக்கு வழி கேட்டா நீ ராமேஸ்வரத்துக்குக் காட்டுவ.” மிஸ்.

பழைய கதை. ஒன்றாம் வகுப்பில் டீச்சர், “எந்தக் கையால எழுதுறோமோ அதுதான் வலது கை. எல்லாரும் தூக்குங்க” என்றார். நானும் தூக்கினேன். நான் எழுதுவது இடது கையால். அறுபது பிள்ளைகளில் யார் கவனித்தார்கள். வீட்டில் சாப்பிடுகிற கை சோத்தாங்கை, மற்றது நொட்டாங்கை, அவ்வளவுதான். அதில் குழப்பமே கிடையாது. வலது இடது என்று யாராவது கேட்டால் மட்டும் இன்றும் அந்த டீச்சர்தான் முதலில் வந்து நிற்கிறார். அக்கா என்னைக் கூப்பிடுவதே நொட்டாங்கை என்றுதான். சுகந்தி என்ற பெயர் ரேஷன் கார்டில் இருக்கிறது.

சாயங்காலம் தண்ணீர்க் குடம் எடுத்து வரும்போது அக்கா பார்த்துவிட்டாள்.

“என்னடி, ஒரு கால இழுக்குற?”

“செருப்பு கடிக்குது.”

“வெறுங்கால்ல நிக்கிற.”

குனிந்து பார்த்தேன். வெறுங்கால்தான்.

ஜூலை 12, சனி

அம்மாவுக்குத் தெரிந்துவிட்டது. திட்டவில்லை. அங்கன்வாடிக்கு லீவு சொல்ல போனை எடுத்தாள். அதுதான் பயமாக இருந்தது.

அப்பா வண்டியில் பக்கத்து கிளினிக். வயதான டாக்டர்.

“எங்கம்மா வலி?”

“முட்டி.”

முட்டியை அழுத்தினார், மடக்கினார், படம் எடுக்கச் சொன்னார். முட்டி சுத்தம். தைலம் எழுதிக் கொடுத்தார். அப்பா வரும் வழியில் பருத்திப்பால் வாங்கித் தந்தார். “அம்புட்டுதான் தாயி. வளர்ற பிள்ள, அப்புடித்தான் இருக்கும்.” அவர் முகத்தில் இருந்த நிம்மதியைப் பார்த்துக்கொண்டே குடித்தேன்.

எனக்குத் தெரியும். சொல்லவில்லை.

அக்கா மட்டும் படத்தை ஜன்னலில் வைத்து ரொம்ப நேரம்.

“முட்டி மட்டும்தான் எடுத்தாங்களா?”

“ம்.”

“சின்னதுல முழுங்குன மாத்திரையச் சொன்னியா?”

“அவரு கேக்கல.”

“கேக்கலன்னா சொல்லணும்டி. எங்க வேலையில ஒண்ணு சொல்லுவாங்க. எழுதலன்னா நடக்கலன்னு அர்த்தம். நீ ஏழு வருஷம் முழுங்குனது அந்தச் சீட்டுல இல்ல. அப்ப நீ முழுங்கவே இல்ல.”

அவளுக்கும் தெரிந்திருக்கிறது. M87-ஐ அவளும் நினைத்திருக்கிறாள். இரண்டு பேரும் ஒருவர் முகத்தை ஒருவர் பார்க்கவில்லை. அடுப்படியில் மிக்சி ஓடிக்கொண்டிருந்தது.

ஜூலை 14, திங்கள்

பெரிய ஆஸ்பத்திரி. கூட்டம். கூரையில் காத்தாடி ஒன்றுதான் சுற்றியது.

அப்பா, அம்மா, அக்கா, நான். அக்கா லீவு போட்டுவிட்டு வந்தாள். டோக்கன் 74. அம்மா பழைய பெஞ்சு மாதிரியே ஒரு பெஞ்சில், பழைய மாதிரியே மடியில் பையோடு. பார்க்க முடியவில்லை.

விவரத் தாளை என்னிடம் கொடுத்தார்கள். பெயர், வயது, என்ன தொந்தரவு, எந்தப் பக்கம். எல்லாம் நானே எழுதினேன், இந்தத் தடவை தொடை இடுக்கையும் சேர்த்து. பயிற்சி டாக்டர் சின்னவர், மூச்சுவிட நேரமில்லை. தாளைப் பார்த்தார், படத்துக்கு எழுதினார். எடுத்தார்கள். இடுப்பு, ஒரு பக்கம் மட்டும். ஒரு மணி நேரம். பிறகு:

“இடுப்பும் நல்லாத்தான் இருக்கு.”

அம்மா கையெடுத்துக் கும்பிட்டாள். அப்பா, “வண்டிய எடுத்துட்டு வாரேன்” என்று கிளம்பிவிட்டார். நான் எழுந்தேன். தொடை இடுக்கில் அதே ஆணி. அப்படியானால் நல்லா இருக்கிற எலும்பு ஏன் இப்படி வலிக்கிறது? எனக்குப் பைத்தியமா என்று நினைத்தேன்.

வராந்தாவில் அக்கா நின்றுவிட்டாள். கையில் சீட்டு. அவள் படிக்கிற விதம் வேறு. நாமெல்லாம் மேலிருந்து கீழே படிப்போம். அவள் கண் நேராகப் பக்கத்தைத் தேடிப் போகும்.

“வலதுன்னு இருக்கு. எந்தக் கால்டி உனக்கு?”

“வலது.”

“தொடு.”

தொட்டேன்.

அவள் என் கையைப் பார்த்தாள். காலைப் பார்த்தாள். சீட்டைப் பார்த்தாள்.

“அது இடதுடி, நொட்டாங்கை.”

ஒன்றாம் வகுப்பு டீச்சர் அந்த வராந்தாவில் வந்து நின்ற மாதிரி இருந்தது. எழுதுற கைப் பக்கம் வலது. அப்படித்தான் எழுதியிருக்கிறேன். கெட்டியாக, பெரிய எழுத்தில்.

அக்கா முதலில் சிரித்தாள். சிரிப்பு நிற்காமல் கண்ணில் தண்ணீர் வந்து, அது சிரிப்பின் தண்ணீர் இல்லை என்று எனக்குத் தெரிந்தது. “நாள் பூரா முகந்தெரியாத ஆளுக்கெல்லாம் வலதா இடதான்னு சண்ட போடுறேன். வீட்டுக்குள்ள ஒருத்திய இம்புட்டு நாளா கேக்கல.”

என் கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு மறுபடி உள்ளே. 74 முடிந்துவிட்டது என்றார்கள். “தப்பு எங்களோடதுதான் சார், பிள்ள மாத்தி எழுதிருச்சு” என்று அக்கா கதவிலேயே நின்றாள். அந்தப் பயிற்சி டாக்டர் நல்லவர். கோபப்படவில்லை. என்னைப் படுக்க வைத்து, இடது காலை மடக்கி உள்பக்கம் திருப்பினார். நான் கத்தினேன். அவர் முகம் மாறியது. பெரிய டாக்டரைக் கூட்டி வந்தார். அக்கா ஏழு வருஷ மாத்திரையைச் சொன்னாள், பெயர், வயது, எல்லாம். அவர் எழுதினார். எழுதி முடிக்கும் வரை அக்கா பேனாவையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

நாளை ஸ்கேன். இரண்டு பக்கமும்.

ஜூலை 15, செவ்வாய்

ஸ்கேன் என்பது ஒரு குகை. காதில் பஞ்சு. உள்ளே போனதும் டமடம, கடகட, பிறகு நீளமாக ஓர் ஊதல். அசையக் கூடாது. நான் அசையவில்லை. மூக்கு அரித்தும் அசையவில்லை.

பெரிய டாக்டர் திரையில் காட்டினார். தொடை எலும்பின் உச்சியில் ஓர் உருண்டை, இடுப்புக் குழிக்குள் கச்சிதமாக. வலது சுத்தம். இடது உருண்டைக்குள் ஒரு வளைந்த கோடு. வைகையில் தண்ணீர் வற்றினால் பாலத்துத் தூணில் ஒரு கோடு தெரியுமே, அதுவரைக்கும் தண்ணீர் இருந்தது என்று. அது மாதிரி. கோட்டுக்கு அந்தப் பக்கம் ரத்தம் போகவில்லை.

எவ்வளவு சின்ன இடம். ஒரு நெல்லிக்காய் அளவுகூட இருக்காது. அதன் மேல்தான் நான் பதினாறு வருஷம் நின்றிருக்கிறேன், ஓடியிருக்கிறேன், பஸ்ஸில் தொற்றியிருக்கிறேன். அது ஒன்றும் சொன்னதில்லை. திரையைவிட்டுக் கண்ணை எடுக்க முடியவில்லை. என் உள்ளே இத்தனை அழகாக ஒன்று இருக்கும் என்று யாரும் சொல்லவில்லை. அதில் ஒரு பகுதி செத்துவிட்டது என்பதும் அதே நேரத்தில்.

“உருண்டை இன்னும் உடையல. சரியான நேரத்துக்கு வந்திருக்கீங்க. இன்னும் ஆறு மாசம் போயிருந்தா வேற கதை” என்றார். உருண்டைக்குள் ஒல்லியாகத் துளை போடுவார்களாம். அழுத்தம் குறைந்தால் புது ரத்தம் வரும், புது எலும்பு வரும். “வருமா?” என்று நான் கேட்டேன். “நெறய பேருக்கு வரும். உனக்கும் வரணும்னுதான் செய்றோம்” என்றார். ஆம் என்று சொல்லவில்லை. அதனால் அவரை நம்புகிறேன்.

அப்பா வண்டியில்தான் சொன்னார்.

“ஆத்துல தண்ணி இல்லன்னு நெனைப்போம். மணல்ல கையளவு தோண்டுனா ஊத்து வரும்ல. அதான் இது.”

பிறகு ரோட்டைப் பார்த்துக்கொண்டே, “தோண்டத் தெரிஞ்ச ஆளு தோண்டணும்” என்றார்.

அம்மா சாப்பிடவில்லை.

ஜூலை 16, புதன்

பள்ளிக்குப் போகவில்லை. ரேவதி வந்தாள். அவள் வீட்டில் அவர்கள் சௌராஷ்டிர மொழியில் பேசிக்கொண்டதை எனக்குத் தமிழில் சொன்னாள்: “எங்கம்மா சொல்றாங்க, படிக்கட்டுல உன் பைய நான் தூக்கியிருக்கணுமாம். எனக்கு எப்டித் தெரியும்? நீ சொன்னாத்தான?” கோபமாகத்தான் போனாள். காம்பஸை மறந்துவிட்டுப் போனாள்.

மதியம் அம்மா மஞ்சள் பையை எடுத்து வந்து அக்கா முன்னால் கொட்டினாள். பழைய மருந்துச் சீட்டு எல்லாம். அதோடு ஏழு வருஷ மாதக் காலண்டர், சுருட்டி ரப்பர் பேண்டு போட்டு. அம்மா அங்கன்வாடியில் பிள்ளைகள் எடையைக் குறிக்கிறவள். எனக்கு மாத்திரை கொடுத்த ஒவ்வொரு நாளிலும் டிக்.

“நீ கணக்குப் பாப்பியே, இதப் பாரு” என்றாள். “நான் கூடக் குடுத்திருக்கேனா பாரு. பிள்ள மொகம் வீங்கும்போதெல்லாம் எனக்குக் கை நடுங்கும். என்ன குடுத்தேன்னே தெரியாமக் குடுத்திருப்பேன். நான்தான் அவ எலும்பக் கொன்னுட்டேன்.”

இல்லம்மா என்று அக்கா சொல்லவில்லை. சொல்வாள் என்றுதான் நான் எதிர்பார்த்தேன். அவள் தரையில் உட்கார்ந்தாள். சீட்டுகளைத் தேதி வாரியாக அடுக்கினாள். ஸ்கேலை எடுத்து, ஒரு சீட்டு, ஒரு மாதம், ஒரு சீட்டு, ஒரு மாதம்.

அந்தப் பெரிய புத்தகத்தில் இதற்கும் எண் உண்டு என்று அவள் சொல்லியிருக்கிறாள். எலும்பு எண்ணை எழுதினால் பக்கத்தில் எந்த மருந்து என்று இரண்டாவது எண் எழுத வேண்டும். அதிலும் ஆறாவது எழுத்துதான் முக்கியம். டாக்டர் சொன்னபடி சரியாகக் கொடுத்த மருந்து என்றால் 5. தவறி அதிகமாகக் கொடுத்தது என்றால் 1. சீட்டில் இல்லாததை அக்கா எழுத மாட்டாள். அம்மாவுக்காகவும் எழுத மாட்டாள். எனக்கு அவளைத் தெரியும்.

மூன்று மணி நேரம். காற்று தாள்களைத் தூக்க, நான் ஒவ்வொன்றின் மேலும் அரிசிப் படி, டம்ளர், ரிமோட் என்று வைத்துக்கொண்டே இருந்தேன்.

ஓர் இடத்தில் ஸ்கேல் நின்றது. எனக்கு ஒன்பது வயது, ஐப்பசி மாதம். ஒரே நாளில் இரண்டு டிக்.

“அன்னிக்கு ரெண்டு தடவ” என்றாள் அம்மா. அவள் குரலே இல்லை அது. “பாத்தியா. நான் சொன்னேன்ல.”

அக்கா காலண்டரை வெளிச்சத்துக்குத் தூக்கினாள். இரண்டாவது டிக்குக்குப் பக்கத்தில் பென்சிலில், கொசு அளவு, ‘வா’.

“இது என்னம்மா?”

அம்மா பார்த்தாள். நினைவுக்கு வர நேரம் ஆனது. “வாந்தி. முழுங்குனதும் எடுத்துட்டா. மாத்திர முழுசா வெளிய கெடந்துச்சு.”

அக்கா அந்த மாதச் சீட்டைத் தேடினாள். கடைசி வரி, டாக்டர் கையெழுத்து: உடனே வாந்தி எடுத்தால் மறுபடி ஒன்று கொடுக்கவும்.

மிச்ச மாதங்களையும் விடாமல் பார்த்தாள். கடைசிக் காலண்டரைச் சுருட்டி ரப்பர் பேண்டு போட்டுவிட்டு, என் ரெக்கார்டு தாள் ஒன்றைக் கிழித்து எழுதினாள்.

M87.152
T38.0X5A

“மேல உள்ளது இவ எலும்பு. ஆறாவது எழுத்து ரெண்டு, இடது. கீழ உள்ளது மாத்திர. இந்த X-க்கு அர்த்தம் கெடையாது. அடுத்து வர்றவனுக்கு எடம் பிடிச்சு வச்சிருக்கும். அந்த ஆறாவது ஆளு யாரு, படி.”

“அஞ்சு” என்றாள் அம்மா.

“அஞ்சுன்னா, குடுத்தது சரியான மருந்து, சரியான அளவு. சரியாக் குடுத்தும் இப்புடி நடந்துச்சு. உனக்காகச் சொல்லலம்மா. நீ கூடக் குடுத்திருந்தா ஒண்ணுதான் போட்டிருப்பேன்.”

“போட்டிருப்பா” என்றேன் நான்.

அம்மா அந்த 5-ஐ விரலால் தொட்டாள். பூச்சி உட்கார்ந்திருந்தால் தொடுகிற மாதிரி. பிறகு, “சரியாக் குடுத்தும் நடக்கும்னு அமெரிக்காக்காரனுக்கு எப்புடித் தெரியும்?” என்று கேட்டாள்.

நானும் அதையே யோசித்துக்கொண்டிருக்கிறேன். எத்தனை அம்மாக்களுக்கு இப்படி நடந்திருந்தால் அதற்கென்று ஓர் எழுத்து ஒதுக்கியிருப்பார்கள். எத்தனை ஊரில், எத்தனை பாஷையில், எத்தனை பேர் நான்தான் கொன்னுட்டேன் என்று அழுதிருப்பார்கள்.

அம்மா சாப்பிட்டாள். ரசம் சாதம், இரண்டு தடவை.

ஜூலை 20, ஞாயிறு

வார்டு. ஆறாவது கட்டில். வெளியே வேப்பமரம், காற்று அதைப் போட்டு உலுக்குகிறது. நாளைக் காலை ஏழு மணிக்கு ஆபரேஷன். அம்மா கட்டிலுக்குக் கீழே பாயில். தூங்குகிறாள், நிஜமாகவே. லேசான குறட்டை.

அக்கா பையில் எடுத்து வந்தவை: துண்டு, பிரஷ், தேங்காய் எண்ணெய், போர்வை, இந்த நோட்டு.

“கெமிஸ்ட்ரி நோட்டும் வச்சிருக்கேன்” என்றாள், என்னைப் பார்க்காமல்.

“தெறந்து பாத்தியா?”

“பேஷண்ட் ஃபைல அனுமதி இல்லாமத் தெறக்கக் கூடாது. வேல போயிரும்.”

சாயங்காலம் நர்ஸ் ஒருவர் கறுப்பு மார்க்கரோடு வந்தார். எந்தக் கால் என்று கேட்டார். நான் வாயைத் திறக்கவில்லை. கையை வைத்துக் காட்டினேன். தொடையில் பெரிய அம்புக்குறி போட்டார். அழிக்காதே என்றார். அழிப்பேனா. போர்வையை விலக்கி விலக்கிப் பார்க்கிறேன். அதன் நேர் கீழே, தோலுக்கு, சதைக்கு அடியில், பாதி உயிரோடு அது காத்துக்கொண்டிருக்கிறது. நாளை முதல்முறையாக ஒருவர் அதன் கதவைத் தட்டப்போகிறார். திறக்குமா என்று பயம். இதுவரை ஒருவருமே போகாத இடத்துக்கு எனக்குள்ளேயே வழி இருக்கிறது என்று ஓர் ஆச்சரியமும்.

எழுத்து கோணல். ஒன்றாம் வகுப்புப் பிள்ளை மாதிரி. சோத்தாங்கையில் நரம்பு கிடைக்கவில்லை என்று டிரிப்ஸ் ஊசியை நொட்டாங்கையில் போட்டுவிட்டார்கள். பிறந்ததிலிருந்து இன்றுதான் சோத்தாங்கையால் எழுதுகிறேன். ஒரு பக்கத்துக்கு ஒரு மணி நேரம்.

டீச்சர், தூக்கிவிட்டேன். எழுதுற கை. இன்று இதுதான் வலது.